ஓசைக்கும் கடைமடை உண்டு

"நீர்க்கோடு என்று ஒரு கற்பனை நாடு வைத்து நாவல் எழுதுகிறேன். பெரிய ஆறு ஒன்று பல கிளையாகப் பிரிந்து கடலில் சேருகிற வயல் நாடு. ஆண்டுக்கு ஒரு ராத்திரி, எங்கிருந்து வருகிறது என்று தெரியாமல் ஓர் ஓசை எழும், விடியும்வரை நிற்காது. நாதப்பிரளயம் என்று பெயர் வைத்திருக்கிறேன். படித்த நண்பர்கள் பயமும் வரவில்லை, நம்பவும் முடியவில்லை என்கிறார்கள். மாய ஓசையை எப்படி நம்ப வைப்பது? நம்ம டெல்டா பக்கம் இதற்கு ஏதாவது பிடி கிடைக்குமா?"

இதுதான் தம்பி கேட்டிருப்பது. கூடவே மூன்றாம் அத்தியாயத்தையும் அந்த நாட்டின் வரைபடத்தையும் அனுப்பியிருக்கிறார்.

படித்தேன் தம்பி. ஒரு வரியில் மாட்டிக்கொண்டேன்: "அவ்வோசை எங்கும் நிறைந்தது, கேளாத செவியில்லை." கோளாறு அங்கேதான் இருக்கிறது. எல்லோருக்கும் கேட்டுவிட்டால் ஒருத்தர் இன்னொருத்தரிடம் சொல்ல என்ன மிச்சம்? அது எங்கே கேட்காது, யாருக்குக் கேட்காது, எதற்கு அடங்கும் என்பதை முதலில் முடிவு பண்ணுங்கள். ஓசை எப்படி இருந்தது என்று வர்ணிப்பதை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.

இது எனக்குத் தொழிலில் கிடைத்த பாடம். குத்தாலம், ஆடுதுறை வட்டாரத்தில் இருபது வருஷத்துக்கு மேல் மைக்செட் வைத்திருந்தேன். ஒரு மார்கழியில் கோயிலுக்குக் காலைப் பாட்டுப் போட ஒத்துக்கொண்டு, அரசமரத்தில் இரண்டு குழாய் கட்டினேன். நாலரை மணிக்குப் பாட்டு. மூன்றாம் நாள் ஒரு பெரியவர் சைக்கிளில் வந்து இறங்கினார். வயலைத் தாண்டி நாலு கிலோமீட்டர் தள்ளி இருக்கிற ஊர். "ஏம்ப்பா, எங்க தெருவுல குழாய் கட்டச் சொன்னது யாரு?" என்றார். நான் கட்டவே இல்லை என்று சத்தியம் பண்ணினேன். அவர் நம்பவில்லை. அன்று சாயங்காலமே, கோயிலுக்குப் பின்னால் அரை கிலோமீட்டரில் இருக்கிற தெருவிலிருந்து ஆள் வந்தார். "செட்டு போட்டியா இல்லையா? ஒரு நாள்கூடப் பாட்டு கேக்கல, காசு மட்டும் வாங்கிட்டே?"

ராத்திரி தூக்கம் வரவில்லை. மறுநாள் நாலரைக்குப் பாட்டைப் போட்டுவிட்டு நானே வண்டியை எடுத்துக்கொண்டு சுற்றினேன். இரண்டு பேர் சொன்னதும் நிஜம்.

காரணம் பெரிய ரகசியம் இல்லை. ஓசை குளிர்ந்த காற்றில் மெதுவாகவும் சூடான காற்றில் வேகமாகவும் போகும். ஒரு டிகிரிக்கு விநாடிக்கு 0.6 மீட்டர் வித்தியாசம். பகலில் தரை சூடு, மேலே போகப்போகக் குளிர்ச்சி. அதனால் ஓசை மேல்பக்கமாக வளைந்து தலைக்கு மேலே போய்விடும். மார்கழி விடிகாலையில் இது தலைகீழ். தரையை ஒட்டிப் பனி, அதற்கு மேலே கொஞ்சம் வெதுவெதுப்பான காற்று. மேலே போன ஓசை வளைந்து மறுபடி வயலிலேயே இறங்கும். மரமோ சுவரோ இல்லாத தட்டை நிலம், நடுவில் தடுக்க ஒன்றுமில்லை. நாலு கிலோமீட்டர் போயும் நேரே காதில் விழும். பின்தெருவுக்கோ, குழாயின் முதுகுதான் தெரிந்தது. நடுவில் அடர்ந்த மூங்கில் தோப்பு வேறு. கிட்டத்தில் இருந்தவர்களுக்குக் கேட்காமல், எட்டத்தில் இருந்தவர்களுக்குத் திண்ணையில் வைத்த மாதிரி கேட்டது.

இதை அப்படியே உங்கள் நீர்க்கோட்டில் வையுங்கள். ஓசை பிறக்கும் இடத்தை ஒட்டிய ஊருக்கு அது கேட்கவே கேட்காது. அந்த ஊர்க்காரர்கள் "அதெல்லாம் வெளியூர்க்காரன் கட்டிவிட்ட கதை" என்று அடித்துப் பேசுவார்கள். கதாநாயகி ஊர் ஊராகத் தேடிக்கொண்டு போகிறவள்; நெருங்க நெருங்க ஓசை தேய்கிறது என்றால் எந்தப் பக்கம் நடப்பாள்? உங்கள் மூன்றாம் அத்தியாயத்தில் இல்லாத பயம் இங்கே தானாக வந்து உட்காரும்.

நெருங்க முடியாத ஓசை என்பது வெறும் கற்பனையும் இல்லை. கங்கை கடலில் சேரும் கழிமுகத்தில், இப்போதைய வங்கதேசத்தில், பாரிசால் என்று ஓர் ஊர். (நம்ம பரிசல் இல்லை, ஊர்ப்பெயர்.) அங்கே பீரங்கி வெடித்த மாதிரி ஓசை கேட்டதாகப் பத்தொன்பதாம் நூற்றாண்டில் வெள்ளைக்கார அதிகாரிகள் எழுதி வைத்திருக்கிறார்கள். பாரிசால் பீரங்கி என்றே பெயர் நின்றுவிட்டது. பெல்ஜியம் கடற்கரையிலும், அமெரிக்காவில் செனிகா ஏரிக்கரையிலும் இதே மாதிரி கேட்டிருக்கிறார்கள். சின்ன நிலநடுக்கம், சேற்றுக்கடியிலிருந்து கிளம்பும் வாயு, தூரத்து இடியும் அலையும் காற்றடுக்கில் சறுக்கி வருவது என்று ஆளுக்கொரு காரணம். எல்லா இடத்துக்கும் பொருந்துகிற ஒரே காரணம் இதுவரை நிலைபெறவில்லை. உங்கள் ஊர்க்காரர்களும் மூன்று காரணம் வைத்துக்கொண்டு டீக்கடையில் சண்டை போடட்டும். மூன்றும் பாதி சரியாக இருக்கட்டும்.

சரி, மாயத்துக்கு வருவோம். இயற்பியலை மட்டும் வைத்தால் அது பாடப்புத்தகம் ஆகிவிடும்.

மாய ஓசைக்குச் சட்டம் போடுவதில் நம்ம பூம்புகாரை மிஞ்ச ஆளில்லை. சிலப்பதிகாரத்தில் இந்திரவிழா காதையில் ஐந்து மன்றங்கள் வரும். அதில் ஒன்று பூத சதுக்கம். நாற்சந்தியில் ஒரு பூதம். போலித் தவசி, ஒழுக்கம் மறைக்கும் பெண், அரசனுக்குத் துரோகம் செய்யும் அமைச்சன், பிறன்மனை நாடுகிறவன், பொய்ச்சாட்சி சொல்கிறவன், புறங்கூறுகிறவன் ஆகிய இவர்கள் என் கயிற்றில் மாட்டுவார்கள் என்று நாலு காத தூரத்துக்குக் கேட்கும்படி கத்தும். பிடித்து அடித்துத் தின்னும். என்ன ஓசை, எவ்வளவு தூரம், யாருக்காக என்று மூன்றும் கறாராகச் சொல்லியாயிற்று. அந்தக் குரல் எப்படி இருந்தது என்று கேட்டால் கடுங்குரல் என்று ஒரே சொல். அவ்வளவுதான். நீங்கள் இரண்டு பக்கம் வர்ணித்திருக்கிறீர்கள்.

அதற்கு அடுத்த மன்றத்தைப் பாருங்கள். பாவை மன்றம். அரசன் கோல் வளைந்தாலோ, நீதி சொல்கிற அவை ஒருபக்கம் சாய்ந்தாலோ அங்கே நிற்கும் பாவை அழும். நாக்கைத் திறந்து ஒரு வார்த்தை சொல்லாது. கண்ணீர் மட்டும்தான். ஊரார் தப்புக்கு நாலு காதம் கேட்கிற கூச்சல், ராஜா தப்புக்குச் சத்தமில்லாத அழுகை! எழுதினவர் வேண்டுமென்றே இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தாரா என்று தெரியாது, ஆனால் எனக்கு இதைப் படிக்கும்போதெல்லாம் முதுகு சிலிர்க்கும். உங்கள் நாவலில் ஓர் அரசன் வருகிறான். அந்த ராத்திரி அரண்மனையில் மட்டும் ஓசை கேட்காது என்று வையுங்கள். அதற்கு விளக்கம் கொடுக்காதீர்கள்.

அடுத்தது விலை. மாயம் இலவசமாக நடந்தால் வாசகனுக்கு அலுத்துவிடும். வேதாரண்யம் கோயில் கதை உங்களுக்குத் தெரிந்திருக்கும். வேதங்கள் பூசித்துத் தாழிட்டுப் போன கதவு. ஊரார் பக்கவழியாகப் போய்வந்துகொண்டிருந்தார்கள். அப்பர் பாடினால் திறக்கும், சம்பந்தர் பாடினால் மூடும் என்று ஏற்பாடு. அப்பர் பாடுகிறார், பாடுகிறார், கதவு அசையவில்லை. இரக்கம் ஒன்றில்லையா என்று கேட்டுப் பதிகத்தை முடித்த பிறகுதான் திறந்தது. சம்பந்தர் ஒரே பாட்டுப் பாடினார், கதவு மூடிக்கொண்டது. வயதில் மூத்தவர் அப்பர். நாம் பாடித் திறக்க இவ்வளவு அருமை, அவர் பாடி அடைக்க இவ்வளவு எளிதா என்று அவர் மனம் வருந்தினார் என்கிறது பெரியபுராணம். கதவு திறந்ததைவிட அந்த வருத்தம்தான் எனக்கு நிற்கிறது. பாட்டால் கதவு திறக்கிற கதை உலகம் பூராவும் இருக்கும். திறந்தவருக்கே குறை தோன்றுகிற கதை நம்மிடம்தான் இருக்கிறது.

காரைக்கால் பக்கத்துத் தருமபுரத்தில் இன்னொன்று. (மயிலாடுதுறை ஆதீனத்துத் தருமபுரம் வேறு, இது வேறு.) சம்பந்தர் பாட்டை யாழில் வாசித்து வந்தவர் திருநீலகண்ட யாழ்ப்பாணர். யாழால்தான் பாட்டுக்குப் பெருமை என்று அவருடைய சுற்றத்தார் பேசினார்கள். சம்பந்தர் ஒரு பதிகம் பாட, அது யாழின் நரம்பில் அடங்கவில்லை. பாணர் வெட்கப்பட்டு யாழையே உடைக்கப் போனார், சம்பந்தர் தடுத்தார். அந்தப் பண்ணுக்கு யாழ்முரி என்று பேர். உங்கள் ஓசையையும் எந்த வாத்தியத்திலும் திரும்ப வாசிக்க முடியாது என்று ஒரு விதி போடுங்கள். போட்டுவிட்டு, ஒரு நாயனக்காரர் வாழ்நாள் பூராவும் முயற்சி பண்ணட்டும்.

நாயனக்காரர் வந்தால் பொருளைச் சரியாக எழுதுங்கள். உங்கள் அத்தியாயத்தில் "மந்திர மரத்தால் செய்த குழல்" என்று போட்டிருக்கிறீர்கள். ஆடுதுறைக்குப் பக்கத்தில் நரசிங்கம்பேட்டை இருக்கிறது. அங்கே செய்கிற நாகஸ்வரத்துக்கு 2022ல் புவிசார் குறியீடு கிடைத்தது. அந்த நாயனம் ஆச்சா மரம். அதுவும் பச்சை மரம் ஆகாது. பழைய வீடுகளை இடிக்கும்போது கிடைக்கிற, பல காலம் காய்ந்து இறுகிய உத்திரமும் தூணும்தான் வேண்டும். ஒரு வீடு செத்தால்தான் ஒரு வாத்தியம் பிறக்கும். இதைவிட மந்திர மரம் எங்கே இருக்கிறது? வாயில் வைக்கும் சீவாளி ஆற்றங்கரையில் வளரும் நாணல் வகைத் தட்டை. காவிரியின் புல்லில் ஊதி, ஒரு பழைய வீட்டின் உத்திரத்தில் ஓசையை எழுப்புகிறார்கள். திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளை உச்சஸ்தாயித் திமிரியை விட்டு நீளமான பாரி நாயனத்துக்கு வந்து அதையே எல்லோரும் கையில் எடுக்கும்படி செய்தார். வாத்தியத்தின் நீளம் மாறியதும் ஒரு நாட்டின் காதே மாறிவிட்டது.

ஓசை எதிலிருந்து பிறக்கலாம் என்று பார்ப்போம். எனக்குப் பிடித்த ஒன்றைச் சொல்கிறேன். சீக்கிரம் எழுதிக்கொள்ளுங்கள், நானே ஒரு கதைக்கு வைத்திருந்தது.

கோடையில் நம்ம வயலைப் பார்த்திருப்பீர்கள். களிமண் பாளம் பாளமாக வெடித்து, கை முழங்கைவரை போகிற விரிசல். மேட்டூரைத் திறக்க வழக்கமான நாள் ஜூன் 12. கல்லணைக்கு வந்து, ஆறுகளில் பிரிந்து, வாய்க்காலுக்கு வர இன்னும் நாள் ஆகும். முதல் தண்ணீர் கர்ஜித்துக்கொண்டு வரும் என்று நினைக்காதீர்கள். சருகும் நுரையும் கோழி இறகும் தள்ளிக்கொண்டு, துணி இழுக்கிற மாதிரி சரசர என்று வரும். வயலில் பாய்ந்ததும் விரிசலில் இறங்கும். உள்ளே அடைந்திருந்த காற்று வெளியே வர வழி தேடும். குனிந்து காதை வைத்தால் குபுக், குபுக் என்று ஒரு பேச்சு. ஒரு விரிசல் மூடும்போது பக்கத்து விரிசல் பேசும். சின்ன வயதில் நானும் என் கூடப்பிறந்த தம்பியும் வரப்பில் குப்புறப் படுத்துக் கேட்டுக்கொண்டே கிடப்போம். எறும்பு ஏறி கடித்தால்தான் எழுந்திருப்போம். பூமி தண்ணீர் குடிக்கிற சத்தம் என்பார் தாத்தா.

இதைப் பெரிதாக்குங்கள். ஆயிரம் வேலி நிலத்திலும் ஒரே ராத்திரியில் தண்ணீர் இறங்கினால், ஒரு வருஷக் காற்றும் ஒரே நேரத்தில் வெளியே வந்தால், அந்தக் காற்றுக்குள் அந்த வருஷம் வயலில் பேசின பேச்செல்லாம் அடைந்திருந்தால்? உங்கள் நாதப்பிரளயம் இதோ. மாயம் கடைசிப் படியில் மட்டும் இருக்கிறது. அதுவரைக்கும் எல்லாம் நிஜம் என்பதால் வாசகன் மறுபேச்சில்லாமல் ஏறிவிடுவான்.

தண்ணீருக்குள் ஓசை போகிற விதத்தையும் பயன்படுத்தலாம். காற்றில் ஓசை விநாடிக்கு ஏறக்குறைய 350 மீட்டர். நம்ம ஊர் வெக்கைக்கு அதுதான் கணக்கு. தண்ணீரில் 1,500 மீட்டர். நாலு கிலோமீட்டருக்கு அப்பால் போடும் அதிர்வேட்டு, வெளிச்சம் தெரிந்து பதினோரு விநாடிக்கு அப்புறம்தான் கரையில் இருப்பவருக்குக் கேட்கும். ஆற்றுக்கு அடியில் எழுகிற ஓசை, அதே தூரத்தில் தண்ணீரில் முங்கியிருக்கிற பையனுக்கு மூன்று விநாடிக்குள் வந்துவிடும். இன்னொன்று: தண்ணீருக்குள் பிறந்த ஓசையில் ஆயிரத்தில் ஒரு பங்குதான் மேலே காற்றுக்கு வரும், மீதி நீர்ப்பரப்பில் மோதித் திரும்பிவிடும். முங்கியவனுக்கு மண்டை அதிரும். கரையில் துணி துவைக்கிற அம்மாவுக்கு ஒன்றும் தெரியாது. பையன் மேலே வந்து கேட்கிறான்: "கேட்டுச்சாம்மா?" ஒரு அத்தியாயத்துக்கு இது போதும்.

காற்றில் கம்பி பாடுவதையும் சேர்த்துக்கொள்ளலாம். ஆடிக் காற்றில் மின்கம்பி ஊம்ம் என்று இழுக்கும், கேட்டிருப்பீர்கள். கம்பியைத் தாண்டும்போது காற்று மாறி மாறிச் சுழன்று கழல்வதால் வருவது. காற்றின் வேகத்தைக் கம்பியின் பருமனால் வகுத்து, அதில் ஐந்தில் ஒரு பங்கு எடுத்தால் அதிர்வு எண் கிடைக்கும். 5 மில்லிமீட்டர் கம்பி, மணிக்கு 23 கிலோமீட்டர் காற்று என்றால் விநாடிக்கு 255 சொச்சம். ஒரு கட்டை சுருதிக்கு ஒட்டி நிற்கும். காற்று இரட்டித்தால் மேல் சட்ஜம். புயல் எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்று சுருதியை வைத்தே சொல்கிற கிழவி ஒருத்தி உங்கள் நாட்டில் இருக்கலாம்.

தாராசுரம் இசைப்படியைப் பற்றி யாராவது சொல்லியிருப்பார்கள். தட்டினால் சுரம் பேசுகிற கல், பன்னிரண்டாம் நூற்றாண்டு, இரண்டாம் ராஜராஜன் கட்டிய கோயில். வந்தவர் போனவர் எல்லாம் தட்டித் தட்டிப் பார்த்ததில் இப்போது கம்பிக் கூண்டு போட்டுவிட்டார்கள். பேசுகிற கல்லை நாவலில் வைக்காதீர்கள், ஏற்கெனவே எல்லோரும் வைத்துவிட்டார்கள். கூண்டை வையுங்கள்.

சாட்சி வேண்டும் என்றால் தவிலை வையுங்கள். திண்ணையில் சார்த்தி வைத்த தவிலின் வலந்தலைத் தோல் இழுத்துக் கட்டியது. வெளியே பொருத்தமான ஓசை எழுந்தால் கை படாமலே அதிரும். அதன்மேல் நாலு அரிசியைப் போட்டால் துள்ளும். காது மந்தமாகிப்போன பழைய தவில்காரர் ஒருவர் ராத்திரி பூராவும் அரிசியைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருக்கிறார். வீட்டில் மற்றவர்கள் காதைப் பொத்திக்கொண்டு கிடக்கிறார்கள். அவர் மட்டும்தான் அதைப் பார்க்கிறார்.

பெயரைப் பற்றிச் சொல்ல விட்டுப்போயிற்று. நாதப்பிரளயம் என்று எந்த ஊரிலும் எவரும் சொல்லமாட்டார்கள். ராத்திரியில் பாம்பைப் பாம்பென்று சொல்லாமல் பூச்சி என்கிற ஊர் நம்முடையது. பயமான எதையும் ஜனங்கள் சின்னதாக்கித்தான் கூப்பிடுவார்கள். "இன்னைக்கு அது வருமாம், மாட்டை உள்ள கட்டு" என்பார்கள். நாதப்பிரளயம் என்பதை அரண்மனைப் புலவர் ஒருவர் வாயில் போடுங்கள். அவர்தான் அதைக் கேட்டதே இல்லையே.

சத்தமில்லாமையை மறந்துவிடாதீர்கள். மழை ராத்திரியில் வயல் பூராவும் தவளை கத்தும். யாராவது வரப்பில் நடந்து வந்தால் அந்த இடத்தில் மட்டும் சட்டென்று நிற்கும். ஆள் போன பிறகு மறுபடி தொடங்கும். இருட்டில் ஆள் எங்கே போகிறான் என்று அந்த ஓட்டையை வைத்துச் சொல்லிவிடலாம். அந்த ராத்திரி ஓசை தொடங்குவதற்கு முன்னால் தவளைகள் வாயடைக்கட்டும். கடல் பக்கத்திலிருந்து ஊர் ஊராக அடங்கிக்கொண்டே வரட்டும்.

கடைசியாக ஒன்று, உங்கள் நாட்டு வரைபடத்தைப் பார்த்துத் தோன்றியது. ஆறு பிரிந்து வாய்க்காலாகிக் கடலோரம் முடிகிறது என்று போட்டிருக்கிறீர்கள். அப்படியானால் அங்கே கடைமடை, அதாவது தண்ணீர் கடைசியாகப் போய்ச்சேருகிற இடம், இருக்கும். நம்ம ஊரில் தண்ணீருக்கு என்ன நடக்கிறதோ அதை ஓசைக்கும் நடத்துங்கள். தலைமடைக்காரனுக்கு முதலில், நிறைய. கடைமடைக்குப் போகும்போது கொஞ்சம், சில வருஷம் ஒன்றுமே இல்லை. முறை வைத்துக் கேட்கிற ஊர்கள் இருக்கும். மதகை அடைத்து ஓசையைத் தன் ஊரிலேயே தேக்கிக்கொள்கிற பண்ணையார் இருப்பார். ராத்திரியோடு ராத்திரியாக வரப்பை வெட்டி ஓசையைத் திருடுகிறவனும் இருப்பான். அவனைப் பிடித்துப் பஞ்சாயத்தில் நிறுத்தினால், களவாடினதைக் காட்டு என்று எப்படிக் கேட்பார்கள்?

மூன்றாம் அத்தியாயத்தை அங்கிருந்து தொடங்கிப் பாருங்கள். கடைமடை ஊரிலிருந்து ஐந்து பேர் தலைநகருக்கு நடந்து வந்து, அரண்மனை வாசலில் மனுவோடு நிற்கிறார்கள்: "எங்க ஊருக்கு அது மூணு வருஷமா வரல." உள்ளே இருக்கிற அதிகாரிக்கு அவர்கள் எதைச் சொல்கிறார்கள் என்றே விளங்கவில்லை.